வேலூரில் வீடு, அமெரிக்காவில் பிள்ளைகள்: பெற்றோர் கிரீன் கார்டை வைத்திருப்பதா, குடியுரிமை பெறுவதா, திருப்பிக் கொடுப்பதா?

வேலூர், காட்பாடி, இராணிப்பேட்டை வட்டாரத்தில் பிள்ளைகளை அமெரிக்காவுக்கு அனுப்பிய குடும்பங்களில் இப்போது அடிக்கடி பேசப்படும் கேள்வி, பிள்ளைகளின் விசாவைப் பற்றியதன்று, பெற்றோரின் நிலையைப் பற்றியது. மகனோ மகளோ அந்நாட்டின் குடிமகனாகி, பெற்றோருக்குக் கிரீன் கார்டும், அதாவது அங்கே நிரந்தரமாக வசிக்கும் உரிமை தரும் அட்டையும், வாங்கிக் கொடுத்துவிட்டார். பெற்றோர் கத்திரி வெயிலுக்கு முன் புறப்பட்டுப் போகிறார்கள், ஐப்பசி மழைக்குள் திரும்பி வருகிறார்கள். இப்படிச் சில ஆண்டுகள் சென்றபின், அங்கே விமான நிலையத்தில் கடவுச்சீட்டைப் புரட்டிப் பார்க்கும் அதிகாரி, நீங்கள் உண்மையில் எந்த நாட்டில் வசிக்கிறீர்கள் என்று கேட்கத் தொடங்குகிறார். அந்தக் கேள்விக்கு நேர்மையாக விடை சொல்ல முயலும்போதுதான் மூன்று வழிகள் கண்ணுக்குத் தெரிகின்றன: கிரீன் கார்டைப் புதுப்பித்துக்கொண்டே போய்வருவது, அமெரிக்கக் குடியுரிமை பெற்று, வேற்று நாட்டுக் குடிமக்களாகிவிட்ட இந்தியருக்கு இந்தியா தரும் ஓ.சி.ஐ. அட்டையோடு ஊருக்கு வருவது, கிரீன் கார்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டுச் சுற்றுலா விசாவில் போய்வருவது.

முதலில் சட்டத்தின் அமைப்பைச் சொல்லிவிடலாம். இருபத்தொரு வயது நிறைந்த அமெரிக்கக் குடிமக்கள் மட்டுமே தம் பெற்றோருக்காக மனுச் செய்ய முடியும். கிரீன் கார்டு மட்டும் வைத்திருக்கும் பிள்ளைக்கு அந்த உரிமை இல்லை. குடிமக்களின் பெற்றோருக்கு ஆண்டு ஒதுக்கீட்டு வரம்பு கிடையாது என்பதால் வேலைவாய்ப்பு வழியில் பல்லாண்டு காத்திருக்கும் இந்தியர்களின் பெற்றோர், பிள்ளை குடிமகனான மறு ஆண்டே கிரீன் கார்டுடன் போய் இறங்குவதும் உண்டு. இந்த வாசல் என்றும் இப்படித் திறந்திருக்கவில்லை. 1923ஆம் ஆண்டு பகத் சிங் திந்த் வழக்கில் அமெரிக்க உச்சநீதிமன்றம் இந்தியர்கள் குடியுரிமை பெறத் தகுதியற்றவர்கள் என்று தீர்ப்பளித்தது; 1946இல் வந்த லூஸ்–செல்லர் சட்டம்தான் அத்தடையை நீக்கியது, அதுவும் ஆண்டுக்கு நூறு இந்தியர் குடியேறலாம் என்ற அளவோடு. அந்தச் சட்டம் வருவதற்குள் ஸ்கடர் என்னும் அமெரிக்கக் குடும்பம் வட ஆற்காட்டில் தலைமுறைகளாகப் பணியாற்றி, இராணிப்பேட்டையில் பிறந்த ஐடா ஸ்கடர் வழியாக வேலூருக்கு சி.எம்.சி. மருத்துவமனையையும் தந்துவிட்டிருந்தது. அவர்கள் இங்கே வருவதற்கு இருந்த எளிமை, நம்மவர் அங்கே செல்வதற்கு இருக்கவில்லை.

கிரீன் கார்டைப் பற்றி நம் பக்கத்தில் நிலவும் பெரிய தவறான கருத்து, ஆறு மாதத்துக்கு ஒருமுறை போய்த் தலையைக் காட்டினால் போதும் என்பது. அட்டையில் பத்தாண்டு தள்ளிக் காலாவதித் தேதி அச்சிட்டிருப்பதும் இந்த நம்பிக்கையை வளர்க்கிறது. சட்டமோ நாள்களை மட்டும் எண்ணுவதில்லை. அந்த நாட்டை நிரந்தர வசிப்பிடமாகக் கொண்டிருக்கிறீர்களா என்ற நோக்கத்தையும் பார்க்கிறது. வீடு, வரிக் கணக்கு, வங்கிக் கணக்கு, ஓட்டுநர் உரிமம் ஆகியவை எங்கே இருக்கின்றன என்பதெல்லாம் அதற்குச் சான்றுகள். ஆண்டுக்கு இரண்டு மாதம் அங்கும் பத்து மாதம் சத்துவாச்சாரியிலும் இருப்பவர், ஒரே பயணத்தில் ஆறு மாதத்தைத் தாண்டாதவராகவே இருந்தாலும், வசிப்பைக் கைவிட்டவர் என்று கருதப்படலாம். ஓராண்டுக்கு மேல் வெளியே இருக்க வேண்டி வந்தால், புறப்படும் முன்பே, அமெரிக்காவில் இருக்கும்போதே, ஐ-131 படிவத்தில் மறுநுழைவு அனுமதிக்கு விண்ணப்பிக்க வேண்டும். 2024 ஏப்ரல் கட்டண மாற்றத்தின்படி அதற்கு 630 டாலர். அனுமதி அதிகபட்சம் இரண்டு ஆண்டுகளுக்குச் செல்லும். மாமியாருக்கு இடுப்பெலும்பு முறிந்தது, மகளுக்குப் பிரசவம், வீடு கட்டும் வேலை என்று ஊரில் மாட்டிக்கொண்ட பிறகு இங்கிருந்தபடி அதற்கு விண்ணப்பிக்க வழியில்லை.

விமான நிலையத்தில் சில நேரம் ஐ-407 என்ற படிவத்தை நீட்டி, கிரீன் கார்டைத் தாமாகவே விட்டுக்கொடுப்பதாகக் கையெழுத்துப் போடச் சொல்வதுண்டு. அதில் கையெழுத்திடும் கட்டாயம் எவருக்கும் இல்லை. மறுத்தால், வசிப்புரிமையைப் பறிக்கும் அதிகாரம் குடியேற்ற நீதிபதிக்கே உண்டு. நெடும்பயணத்தின் களைப்பில் நிற்கும் எழுபது வயதுப் பெற்றோருக்கு இதைப் புறப்படும் முன்பே பிள்ளைகள் சொல்லித்தர வேண்டும். ஆயினும், ஆண்டுதோறும் அந்த வரிசையில் அச்சத்தோடு நிற்கும் நிலை வந்துவிட்டால் அது சட்டத்தின் குறை அன்று என்பது என் கருத்து. வசிப்பதற்காகக் கொடுக்கப்பட்ட உரிமையை வந்துபோவதற்காகப் பயன்படுத்துகிறோம் என்பதே அதன் பொருள்.

கிரீன் கார்டு வைத்திருப்பதில் வெளியே தெரியாத செலவு வரி. கார்டு கையில் இருக்கும் காலம் முழுவதும், வேலூரில் இருந்தாலும், உலகெங்கும் வரும் வருமானத்தை அமெரிக்க வரிக் கணக்கில் காட்ட வேண்டும். ஓய்வூதியம், காந்தி நகர் வீட்டு வாடகை, வங்கி வைப்புத்தொகை வட்டி, மனை விற்ற ஆதாயம் அனைத்தும் அதில் அடங்கும். இந்தியாவில் கட்டிய வரிக்குக் கழிவு கிடைக்கும் என்பதால் இருமுறை வரி கட்ட நேர்வது குறைவே. எனினும் கணக்குத் தாக்கல் செய்யும் கடமை நீங்குவதில்லை. இந்திய வங்கிக் கணக்குகளின் கூட்டுத்தொகை ஆண்டின் எந்த ஒரு நாளில் 10,000 டாலரைத் தாண்டினாலும் அதைத் தனியாக அறிவிக்க வேண்டும். பணிக்கொடையையும் வைப்புநிதியையும் வங்கியில் போட்டிருக்கும் ஓய்வுபெற்றவர் எவரும் இந்த வரம்பை எளிதில் தாண்டிவிடுவார். இந்தக் கடமை குடிமக்களுக்கும் அப்படியே பொருந்தும்; சுற்றுலா விசாவில் சில மாதம் தங்கித் திரும்புபவருக்குப் பெரும்பாலும் இல்லை. மேலும், பதினைந்து வரியாண்டுகளில் எட்டு ஆண்டுகள் கிரீன் கார்டு வைத்திருந்துவிட்டுத் திருப்பிக் கொடுப்பவருக்கு, வெளியேறுவோருக்கான தனி வரி விதிகள் பொருந்தக்கூடும். ஆகவே, திருப்பிக் கொடுப்பதுதான் முடிவு என்றால், எட்டாம் ஆண்டு வரை தள்ளிப்போடாமல் இருப்பது நல்லது.

இனிக் குடியுரிமை. கிரீன் கார்டு பெற்று ஐந்து ஆண்டுகள் நிறைவதற்குத் தொண்ணூறு நாள்களுக்கு முன்பிருந்தே என்-400 படிவத்தைத் தாக்கல் செய்யலாம். இணையவழியில் 710 டாலர், தாளில் 760 டாலர். அந்த ஐந்து ஆண்டுகளில் குறைந்தது முப்பது மாதங்கள் உடலளவில் அந்நாட்டு மண்ணில் இருந்திருக்க வேண்டும். ஒரே பயணத்தில் ஆறு மாதத்துக்கு மேல் வெளியே இருந்தால் தொடர்ச்சியான வசிப்பு முறிந்துவிட்டதாக முதலில் கருதுவார்கள், இல்லை என்று மெய்ப்பிப்பது நம் பொறுப்பாகிவிடும். ஓராண்டு தாண்டினால், மறுநுழைவு அனுமதி கையில் இருந்தாலும், அந்தத் தொடர்ச்சி முறியவே செய்யும். ஆண்டைச் சரிபாதியாக இரு ஊர்களுக்கும் பிரித்துக்கொள்ளும் தம்பதியின் கணக்கு, முப்பது மாதம் என்ற விளிம்பிலேயே நிற்கும். ஒரு பொங்கலுக்கு முன்கூட்டியே வந்துவிட்டாலே குறைந்துபோகும். குடியுரிமை வேண்டும் என்று முடிவு செய்தவர்கள் அந்த ஐந்தாண்டுக் காலத்தில் ஊருக்கு வருவதை ஆண்டுக்கு நான்கு, ஐந்து மாதத்துக்குள் நிறுத்திக்கொள்வதே பாதுகாப்பு.

இங்கேதான் இந்த ஒப்பீட்டின் முடிச்சு இருக்கிறது. கிரீன் கார்டு அங்கே வசிக்கும்படி கட்டாயப்படுத்துகிறது. குடியுரிமைக்கு அந்தக் கட்டாயம் இல்லை; கிடைத்த மறுநாளே வேலூருக்கு வந்து பத்தாண்டு இருந்தாலும் அது பறிபோகாது. ஆகவே, முதுமையை ஊரில் கழித்துக்கொண்டு நினைத்தபோது பேரப்பிள்ளைகளிடம் போய்வர விரும்புபவருக்கே குடியுரிமை மிகுதியாகப் பயன்படும். ஆனால், அதைப் பெற வேண்டுமானால் ஐந்து ஆண்டுகளின் பெரும்பகுதியை ஊரை விட்டு இருக்க வேண்டும், பெற்றபின் இந்தியக் குடியுரிமையை இழக்க வேண்டும். அறுபத்திரண்டு வயதில் ஐந்து ஆண்டுகளைக் கொடுப்பதும் எழுபத்தைந்தில் கொடுப்பதும் ஒன்றாகா.

குடியுரிமை பெற எழுத வேண்டிய தேர்வைப் பற்றிய பேச்சில் ஒரு பாதி உண்மை உலவுகிறது. முதியவர்கள் தமிழிலேயே தேர்வு எழுதலாம் என்கிறார்கள். ஐம்பது வயதைக் கடந்து இருபது ஆண்டுகளாகவோ, ஐம்பத்தைந்து வயதைக் கடந்து பதினைந்து ஆண்டுகளாகவோ கிரீன் கார்டுடன் வசித்தவருக்கு ஆங்கிலத் தேர்வு இல்லை. வரலாறு, அரசமைப்பு பற்றிய கேள்விகளுக்கு மொழிபெயர்ப்பாளர் துணையோடு தமிழில் விடை சொல்லலாம். ஆனால், அறுபத்திரண்டு வயதில் கிரீன் கார்டு பெற்ற பெற்றோருக்கு அந்தச் சலுகை எழுபத்தேழு வயதில்தான் கிட்டும். அதற்கு முன் விண்ணப்பித்தால், ஆங்கிலத்தில் ஒரு வாக்கியத்தைப் படித்து, ஒரு வாக்கியத்தை எழுதி, அதிகாரியின் கேள்விகளுக்கும் ஆங்கிலத்திலேயே பதில் சொல்ல வேண்டும். 2025 அக்டோபர் 20 முதல் தாக்கலாகும் விண்ணப்பங்களுக்குக் குடிமையியல் தேர்வும் பெரிதாகிவிட்டது: 128 கேள்விகள் கொண்ட தொகுப்பிலிருந்து இருபது வரை கேட்பார்கள், பன்னிரண்டுக்குச் சரியான விடை வேண்டும். அறுபத்தைந்து வயதோடு இருபது ஆண்டு வசிப்பும் உள்ளவர்களுக்குத்தான் சுருக்கமான தேர்வு. ஓய்வுபெற்ற தலைமையாசிரியருக்கோ வங்கி அதிகாரிக்கோ இது பெரிய மலை அன்று. குடியாத்தத்தில் எட்டாம் வகுப்போடு படிப்பை நிறுத்திய அம்மாவுக்கு இது ஓராண்டு உழைப்பு. அந்த உழைப்பைக் கேட்கும் முன் அவருடைய விருப்பத்தையும் கேட்க வேண்டும். மறதி நோய் போன்ற உடல், மன நலக் குறைபாடு உள்ளவருக்கு மருத்துவர் சான்றளிக்கும் என்-648 படிவம் வழியாக விலக்கு உண்டு, வெறும் வயது முதிர்ச்சி அதற்குப் போதாது.

குடியுரிமை பெற்றால் மருத்துவம் இலவசம் என்பது இன்னொரு நம்பிக்கை. அறுபத்தைந்து வயதைக் கடந்த கிரீன் கார்டுக்காரர், ஐந்து ஆண்டுகள் தொடர்ந்து வசித்தபின் மாதக் கட்டணம் செலுத்தி, முதியோருக்கான அரசு மருத்துவக் காப்பீடான மெடிகேரில் சேரலாம். அங்கே வேலை செய்து பத்தாண்டு வரி செலுத்தாத பெற்றோர், குடிமக்கள் ஆனாலும் மருத்துவமனைப் பிரிவுக்குப் பொதுவாகக் கட்டணம் கட்டவே வேண்டும். வருமானமற்ற முதியோருக்கான உதவித்தொகை குடிமக்களுக்குத் திறக்கிறது என்பது உண்மை, ஆனால் நாட்டைவிட்டு முப்பது நாள் வெளியே இருந்தாலே அது நின்றுவிடும். சி.எம்.சி.யில் முழங்கால் மாற்று அறுவைச் சிகிச்சை செய்துகொண்டால் மெடிகேர் அதற்குப் பணம் தராது. மருத்துவத்துக்கு வேலூரையே நம்பியிருப்பவர்கள், அங்கே மாதந்தோறும் கட்டும் தொகைக்கு என்ன பலன் என்று கணக்கிட்டுப் பார்க்கட்டும்.

பலர் குடியுரிமையை நாடுவதற்கு உள்ளூரக் காரணம் வேறு: ஊரில் இருக்கும் இன்னொரு பிள்ளை. கிரீன் கார்டு உள்ள பெற்றோர், பிள்ளைகளில் மணமாகாதவர்களுக்கு மட்டுமே மனுச் செய்ய முடியும். குடிமக்களானால் மணமான மகனுக்கும் மகளுக்கும் மனுச் செய்யலாம். கேட்பதற்கு நன்றாக இருக்கிறது. ஆனால், இந்தியருக்கு அந்தப் பிரிவில் காத்திருப்பு பத்தாண்டுக்கும் மேல். குடிமகனான அண்ணன் தம்பிக்குச் செய்யும் மனுவோ பதினைந்து ஆண்டுகளையும் தாண்டுகிறது. மனுச் செய்த பெற்றோர் இடையில் இறந்துவிட்டால் அந்த மனுவும் பொதுவாக அத்தோடு நீங்கும், சில சூழல்களில் மட்டுமே உயிர்ப்பிக்கப்படும். எழுபது வயதில் குடியுரிமை பெற்று அதன்பின் தொடங்கும் ஒரு மனுவை நம்பி ஆம்பூரில் இருக்கும் மகளின் குடும்பம் தன் வாழ்க்கைத் திட்டத்தை நிறுத்திவைப்பது சரியன்று. இந்த ஒரு காரணத்துக்காக மட்டும் குடியுரிமை பெற நினைப்போரை நான் தடுக்கவே செய்வேன்.

இழப்பின் பக்கத்தைப் பார்க்கலாம். இந்தியா இரட்டைக் குடியுரிமையை ஏற்பதில்லை. 1955ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தின் ஒன்பதாம் பிரிவின்படி, வேற்று நாட்டுக் குடியுரிமையை விரும்பிப் பெற்ற நொடியிலேயே இந்தியக் குடியுரிமை முடிந்துவிடுகிறது. கடவுச்சீட்டை ஒப்படைத்துச் சான்று பெற வேண்டும், அதன்பின் ஓ.சி.ஐ. அட்டைக்கு விண்ணப்பிக்கலாம். அமெரிக்காவிலிருந்து விண்ணப்பித்தால் அடிப்படைக் கட்டணம் 275 டாலர். அட்டை வாழ்நாள் விசாவாகும். எத்தனை முறையும் வரலாம், எவ்வளவு காலமும் தங்கலாம், காவல்துறையில் பதிவு செய்ய வேண்டியதில்லை. வாக்குரிமை கிடையாது. கிரீன் கார்டுடன் இருக்கும் இந்தியரோ, படிவம் 6ஏ வழியாக வெளிநாடுவாழ் வாக்காளராகப் பதிந்து, தேர்தல் நாளில் ஊரில் இருந்தால் நேரில் வாக்களிக்கலாம். அதே கிரீன் கார்டுக்காரர் அறியாமையால் அமெரிக்கத் தேர்தலில் வாக்களித்துவிட்டால் நாடு கடத்தப்படும் அளவுக்குச் சிக்கல் வரும்.

நம் மாவட்டத்தில் பெரும்பாலான குடும்பங்களுக்கு உறுத்துவது நிலம்தான். அணைக்கட்டிலோ கே.வி.குப்பத்திலோ இரண்டு ஏக்கர் நஞ்சை, ஒரு மாந்தோப்பு, பேரணாம்பட்டுப் பக்கம் கொஞ்சம் புஞ்சை என்று இருக்கும். ஓ.சி.ஐ. அட்டையாளர் வீடும் மனையும் வாங்கலாம். வேளாண் நிலம், பண்ணைவீடு, தோட்டப் பயிர் நிலம் ஆகியவற்றை விலைக்கு வாங்க முடியாது, தானமாகவும் பெற முடியாது. இந்தியாவில் வசித்தபோது சட்டப்படி வாங்கிய நிலம் குடியுரிமை மாறியதால் பறிபோகாது, வாரிசுரிமையாக வருவதையும் பெறலாம். விற்பதானால் இந்தியாவில் வசிக்கும் இந்தியருக்கே விற்க வேண்டும். இதில் கவனிக்கப்படாத கண்ணி ஒன்று உண்டு. அப்பா, தாம் உயிரோடு இருக்கும்போதே பிரித்துக் கொடுத்துவிடலாம் என்று எண்ணி, அமெரிக்காவில் இருக்கும் மகன் பெயரில் நஞ்சை நிலத்தைத் தான செட்டில்மெண்ட் எழுதிவைப்பது நம் ஊர் வழக்கம். மகன் வெளிநாட்டில் வசிப்பவர் என்பதால், அப்பா எந்நாட்டுக் குடிமகனாக இருந்தாலும், அந்நியச் செலாவணிச் சட்டத்தின் விதிகள் அதை அனுமதிப்பதில்லை. உயில் வழியாகச் சேர்வதே முறையான வழி. ஆகவே, குடியுரிமைக்கு விண்ணப்பிக்கும் முன், பட்டா பெயர் மாற்றம், பங்காளிகளுடனான பாகப்பிரிவினை, வில்லங்கம் தீர்த்தல், உயில் பதிவு ஆகியவற்றை முடித்துவிட வேண்டும் என்பது என் அழுத்தமான கருத்து.

மனம் மாறினால் திரும்ப வழி உண்டா என்று கேட்பார்கள். உண்டு. ஓ.சி.ஐ. அட்டையாளராகப் பதிந்து ஐந்து ஆண்டுகள் நிறைந்து, விண்ணப்பத்துக்கு முந்திய பன்னிரண்டு மாதங்கள் இந்தியாவில் வசித்தவர் மீண்டும் இந்தியக் குடியுரிமைக்கு விண்ணப்பிக்கலாம். அப்போது அமெரிக்கக் குடியுரிமையை விட வேண்டும். முதுமையில் இந்த வழியை நம்பித் திட்டம் போடுவது அறிவுடைமையாகாது.

மூன்றாம் வழியான சுற்றுலா விசாவைப் பலர் ஒரு படி இறங்குவதாக நினைக்கிறார்கள். கிரீன் கார்டைத் திருப்பிக் கொடுத்தார்கள் என்றால் சம்பந்தி வீட்டார் என்ன நினைப்பார்கள் என்பது வரை அந்தத் தயக்கம் போகிறது. வெயில் காலத்தை மட்டும் அங்கே கழிக்கும் பெற்றோருக்கு உண்மையில் பொருந்துவது இதுவே. இந்தியருக்கு இந்த விசா பொதுவாகப் பத்தாண்டுக்கு வழங்கப்படுகிறது. ஒவ்வொரு வருகைக்கும் வழக்கமாக ஆறு மாதம் வரை தங்க அனுமதி கிடைக்கும். ஐ-407 கொடுத்து முறைப்படி வசிப்புரிமையை விட்டவர், தமக்குக் குடியேறும் நோக்கம் இல்லை என்பதற்கு அதையே சான்றாகச் சென்னைத் துணைத் தூதரகத்தில் காட்டலாம். விசா கிடைக்கும் என்ற உத்தரவாதம் மட்டும் இல்லை. இதன் மெய்யான குறை மருத்துவக் காப்பீட்டில் இருக்கிறது: பயணக் காப்பீடுகள் ஏற்கெனவே உள்ள சர்க்கரை, இரத்த அழுத்தம், இதய நோய்களைப் பெரும்பாலும் முழுமையாக ஏற்பதில்லை. கிரீன் கார்டுடன் அங்கே வசிப்பவர் சந்தையில் விற்கும் முழுக் காப்பீட்டை வாங்கலாம், அது பழைய நோயைக் காரணம் காட்டி மறுக்க முடியாது. இதய நோயாளி ஒருவர் ஆறு மாதம் அங்கே தங்குவதாக இருந்தால் இந்த வேறுபாடு இலட்சக் கணக்கில் போய் முடியும்.

இவற்றையெல்லாம் சேர்த்துப் பார்க்கும்போது, இருவரும் நலமாக இருந்து, வீடும் நிலமும் உறவும் இங்கே இருந்து, ஆண்டில் நான்கைந்து மாதம் மட்டும் அங்கே போகும் தம்பதிக்குச் சுற்றுலா விசாவே நேர்மையான, செலவு குறைந்த வழி. அவர்களுக்குக் கிரீன் கார்டே வாங்கியிருக்க வேண்டியதில்லை. துணையை இழந்து, பிள்ளைகள் அனைவரும் அங்கே இருக்கும் ஒருவர், இனி அங்கேதான் பெரும்பகுதி என்று உறுதியானால், ஐந்தாம் ஆண்டிலேயே குடியுரிமைக்கு விண்ணப்பிப்பது நல்லது. தேர்வைச் சந்திக்கும் நினைவாற்றல் ஆண்டுதோறும் கூடுவதில்லை. கிரீன் கார்டை மட்டும் காலவரையின்றி வைத்திருப்பதை நான் எவருக்கும் பரிந்துரைப்பதில்லை. இரு நாட்டுக்கும் வரிக் கணக்கு, இரு நாட்டிலும் வசிப்புக் கேள்வி, எந்த நாட்டிலும் முழு நிம்மதி இல்லாத நிலை அது. முடிவெடுக்கும் வரை ஓரிரு ஆண்டு அவகாசம் வேண்டுவோருக்கு மட்டும் மறுநுழைவு அனுமதியோடு அது பொருந்தும்.

கணவனும் மனைவியும் ஒரே வழியைத்தான் எடுக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை என்பதையும் குடும்பங்கள் எண்ணிப் பார்க்கலாம். ஆங்கிலம் தெரிந்த ஒருவர் குடியுரிமை பெற்று ஓ.சி.ஐ. அட்டையோடு வர, மற்றவர் இந்தியக் கடவுச்சீட்டையும் வாக்கையும் நிலத்தையும் தம் பெயரில் வைத்துக்கொள்வது நடைமுறையில் நன்றாகவே வேலை செய்கிறது. எப்படியானாலும் அமெரிக்கக் குடியுரிமை ஏற்கும் உறுதிமொழி நாளையும் ஊர் நிகழ்ச்சிகளையும் ஒன்றோடொன்று மோதவிடக் கூடாது. உறுதிமொழி எடுத்தபின் பழைய இந்தியக் கடவுச்சீட்டில் பயணம் செய்வது குற்றம். புதிய அமெரிக்கக் கடவுச்சீட்டும், ஒப்படைப்புச் சான்றும், ஓ.சி.ஐ. அட்டையும் வரிசையாக வருவதற்கு வாரங்கள் பிடிக்கும். தை மாதத்தில் பேரனுக்குக் காதுகுத்து வைத்திருப்பவர்கள் உறுதிமொழி முடிந்ததும் அமெரிக்கக் கடவுச்சீட்டை வாங்கி, ஓ.சி.ஐ. வருவதற்குள் இந்திய இ-விசாவில் வந்து திரும்பலாம்; அல்லது விழா முடிந்தபின் தேதி கேட்டு, நியாயமான காரணத்தை எழுதி, உறுதிமொழி நாளை மாற்றிக் கேட்கலாம்.